கடலில்லாத ஊரின் காற்றுக் கம்பெனி

எங்கள் வீட்டில் ஒரு கம்பெனி இருந்தது. பதிவு கிடையாது, பெயர்ப் பலகை கிடையாது. கடலூர் செம்மண்டலத்தில் எங்கள் மொட்டை மாடிதான் அதன் தலைமையகம். ஆகாயத்தில் மிதக்கிற தீவுகளுக்கு நடுவே எந்தக் கப்பல் போனாலும், அதில் எந்தச் சரக்கு ஏறினாலும், எங்கள் உத்தரவு இல்லாமல் ஒரு பாய் விரியாது. காற்று மொத்தமும் எங்கள் கையில். கிழக்குக் காற்று என் தாய்மாமாவுக்கு, தெற்குக் காற்று அப்பாவுக்கு, சாயங்காலக் காற்று அம்மாவுக்கு. எதிர்த்துக் கேட்பவர்களின் கப்பலை நடுவானத்திலேயே நிறுத்திவிடுவோம். அப்படி ஓர் அராஜகம். வெளியில் சொன்னால் சிரிப்பார்கள் என்று பல வருஷம் வாயைத் திறக்கவில்லை. இப்போது சிரித்தால் சிரித்துவிட்டுப் போகட்டும்.

கம்பெனி பிறந்தது என் கோபத்தில்தான். 2004 கிறிஸ்துமஸுக்கு மறுநாள் கடல் ஊருக்குள் வந்தபோது என் சித்தி குடும்பம் தேவனாம்பட்டினத்தில் இருந்தது. யாருக்கும் எதுவும் ஆகவில்லை, மாதா புண்ணியம். வீட்டின் முன்சுவர்தான் போனது. சித்தி, சித்தப்பா, எல்.கே.ஜி. போகிற அவர்கள் பெண் என்று மூன்று பேரும் அன்றைக்கே எங்கள் வீட்டு மாடி போர்ஷனுக்கு வந்தார்கள். திரும்பிப் போகவே இல்லை. சித்தி நர்ஸ், ஷிப்ட் மாறி மாறி வரும். அதனால் குழந்தை பெரும்பாலும் என்னோடுதான் இருந்தாள்.

குழாயைத் திறந்து பக்கெட்டில் தண்ணீர் விழுந்தாலே காதைப் பொத்திக்கொள்வாள். ஒரு நாளைக்கு எத்தனை தடவை கேட்பாள் என்று கணக்கே இல்லை: "அக்கா, கடலு இங்க வருமா?" அப்பா, கடல் ரொம்ப தூரம் என்பார். மாமா, கலெக்டர் ஆபீஸ் வரைக்கும்தான் வரும், அதைத் தாண்ட பர்மிஷன் இல்லை என்பார். அவர் ஆறுதல் சொல்கிற லட்சணம் அது. ஒரு மத்தியானம் எனக்குத் தலைவலி. மறுபடி கேட்டாள். எனக்கு மூக்கு நுனியில் கோபம்.

"கடலே கெடையாதுடி. நாம இருக்கற ஊருல கடலே இல்ல. கப்பல் எல்லாம் ஆகாயத்துலதான் போவுது. போதுமா?"

அவள் காதிலிருந்து கையை எடுத்தாள்.

"யாரு வுடறாங்க?"

"ஒரு கம்பெனி."

"கீழ இன்னா இருக்குது?"

"மேகம். தொப்புன்னு வுழுந்தாக்கூட அடிபடாது."

அவள் வாயை அடைக்கச் சொன்ன பதில் அது. அன்று முதல் அந்த வாய் மூடவில்லை. கம்பெனியில் யார் யார்? கப்பலில் என்ன ஏற்றுவார்கள்? கேட்டுக் கேட்டு என்னை ஒரு உலகத்தையே கட்ட வைத்துவிட்டாள்.

அப்போது நான் மஞ்சக்குப்பத்தில் ஒரு டி.டி.பி. சென்டரில் வேலை பார்த்துக்கொண்டிருந்தேன். பிளெக்ஸ் பேனர் டிசைன் செய்வது என் பொறுப்பு. எழுத்துப் பிழையோடு அச்சாகிவிட்ட பேனரை யாரும் வாங்க மாட்டார்கள், அது வீட்டுக்கு வரும். ஊரில் பலர் வீட்டுக் கூரை ஒழுகாமல் இருந்ததற்கு என் எழுத்துப் பிழைகளும் ஒரு காரணம். அப்படி வந்த ஒரு மஞ்சள் நீராட்டு விழா பேனரைக் கவிழ்த்துப் போட்டால் பின்பக்கம் வெள்ளை வெளேர் என்று இருந்தது. அதில் மார்க்கரால் தீவுகளை வரைந்தோம். ஒரு தீவில் மழை விளையும், ஜாடியில் பிடித்து அனுப்புவார்கள். ஒன்றில் பலாப்பழம். அது பண்ருட்டி ஜனங்கள் குடியேறிய தீவு. இன்னொன்றில் கோயில் மணிச் சத்தம் விளையும். மணி இல்லாத தீவுக்காரர்கள் அதை மூட்டையாக வாங்கிப் போவார்கள். சோடா மூடிகள்தான் கப்பல். புளியங்கொட்டைதான் சரக்கு. காற்று வைத்திருப்பவர் விட்டால்தான் கப்பல் நகரும்.

முதலில் நானும் அவளும் மட்டும்தான். பிறகு ஒவ்வொருத்தராக வந்து மாட்டினார்கள். கரண்ட் போகிற காலம் அது. சாயங்காலம் விளக்கு அணைந்ததும் எங்கள் தெருவே மொட்டை மாடிக்கு ஏறும். மற்றவர்கள் வியர்வையைத் துடைத்துக்கொண்டு அரசாங்கத்தைத் திட்டுவார்கள். நாங்கள் எமர்ஜென்சி லைட்டை வைத்துக்கொண்டு கப்பல் விடுவோம். கரண்ட் வந்துவிட்டால் எங்களுக்குத்தான் எரிச்சல்.

மாமாவைப் பற்றிச் சொல்ல வேண்டும். திருப்பாதிரிப்புலியூரில் ஒரு பேன்சி ஸ்டோர் வைத்திருந்தார். கல்யாணம் செய்துகொள்ளாமல் எங்களோடே இருந்துவிட்டவர். கடையில் யார் என்ன பேரம் பேசினாலும் "சரிம்மா, எடுத்துக்கோம்மா" என்று விட்டுவிடுகிற ஆள். அப்படிப்பட்டவர் கம்பெனியில் உட்கார்ந்தால் ராட்சசன். மழை ஜாடி ஏற்றி வரும் குழந்தையின் கப்பலை மறித்து, பாதி மழையைக் கொடுத்தால்தான் காற்று விடுவேன் என்பார். அவள் அழுதாலும் அசையமாட்டார். "வியாபாரம்னா வியாபாரம்தான். கம்பெனி தலைவரு மொகத்த பாத்து பேசு." வாழ்க்கையில் தைரியமாக இருந்து பார்க்க அவருக்குக் கிடைத்த ஒரே இடம் அந்த மாடிதான் என்று நினைக்கிறேன்.

அம்மாவுக்கு விதிமுறை எதுவும் கடைசி வரைக்கும் புரியவில்லை. ஆனாலும் அவர்தான் ஜெயிப்பார். அதோடு எங்களை மடக்கிக்கொண்டே இருப்பார். "ஏண்டி, கடலே இல்லன்னா கருவாடு எங்கேர்ந்து வரும்?"

கம்பெனி திகைத்துப் போனது. கருவாடு இல்லாத உலகத்தில் எங்கள் வீட்டில் ஒருத்தரும் வாழத் தயாராக இல்லை. நான் அவசரமாக, மேகத்தில் மீன் நீந்துகிறது என்று அறிவித்தேன். "உப்பு?" என்றார் அம்மா. "அது மேகத்தோட அடியில ஒட்டிக்கினு இருக்கும். சொரண்டி எடுப்பாங்க." அம்மா உதட்டைப் பிதுக்கினார். குழந்தை மட்டும் என் பக்கம் நின்றாள். "ஆமா பெரிம்மா, கடலு வேணாம். மேகத்துலயே இருக்குது." அந்த ஒரு விதியில் மட்டும் அவள் விட்டுக்கொடுக்கவே மாட்டாள். கடல் கிடையாது. யார் வரைந்தாலும் அழித்துவிடுவாள்.

எங்கள் கம்பெனியின் மிகப் பெரிய சட்டம் நாங்கள் போகிற மாதா கோயிலிலிருந்து வந்தது. கத்தோலிக்கர்களுக்குக் கல்யாணம் நிச்சயமானால் கோயிலில் ஓலை வாசிப்பார்கள். மூன்று ஞாயிற்றுக்கிழமை பூசையில், இன்னாருக்கும் இன்னாருக்கும் திருமணம், தடை ஏதாவது தெரிந்தவர்கள் பங்குச் சாமியாரிடம் தெரிவிக்கவும் என்று படிப்பார்கள். யாரும் எதுவும் சொன்னதாகச் சரித்திரம் இல்லை. எல்லோரும் மாப்பிள்ளை பெயரைக் காதில் வாங்கிக்கொண்டு, எந்த ஊர், என்ன உத்தியோகம் என்று பக்கத்தில் விசாரிப்பதோடு சரி. குழந்தை ஒரு நாள் கேட்டாள், "யாராச்சும் தடை சொன்னா இன்னா ஆவும்?" மாமா கம்பெனித் தலைவர் தோரணையில் பதில் சொன்னார்: "சொன்னவங்கள கூப்ட்டு, ஒனக்கு இன்னா வேணும்னு கேக்கணும். கேட்டத குடுத்தா தடை போயிடும்."

திருச்சபை அப்படி எங்கேயும் சொல்லவில்லை. ஆனால் எங்களுக்கு அது பிடித்துப்போனது. அன்றிலிருந்து புதுக் கப்பல் எது வந்தாலும் அதன் பெயரை மூன்று சுற்று வாசிக்க வேண்டும். மூன்றாவது சுற்று முடிவதற்குள் யாரும் எழுந்து நின்று "தடை!" என்று கத்தலாம். கத்தியவரிடம் கப்பல்காரர் கோபப்படாமல் "என்ன வேணும்?" என்று கேட்டாக வேண்டும். மாமா எல்லாவற்றுக்கும் தடை சொல்லுவார். அப்பா தூங்கி வழிந்துகொண்டே தடை சொல்லுவார்.

இதற்கிடையே எனக்கு வயசு ஏறிக்கொண்டே போனது. வந்த வரன்களில் பாதிப் பேருக்கு என் நாக்கு ஒத்துவரவில்லை. மீதிப் பேரை நானே வேண்டாம் என்றேன். அம்மாவிடம் சொல்லிக்கொள்ள ஆயிரம் காரணம் வைத்திருந்தேன். உண்மையில் காரணம் ஒன்றே ஒன்றுதான். அந்தக் குழந்தையை விட்டுப் போக எனக்கு மனசில்லை. ஸ்கூல் விட்டதும் பையைத் தூக்கி எறிந்துவிட்டு டி.டி.பி. சென்டருக்கே ஓடி வந்து என் ஸ்டூலில் பாதியைப் பிடித்துக்கொள்கிறவளிடம், நான் வேறு ஊருக்குப் போகிறேன் என்று எந்த வாயால் சொல்வது? கடல் இல்லை என்று சொன்னவள் நான். நான் கிளம்பிவிட்டால் அவளுக்குக் கடல் திரும்பி வந்துவிடுமோ என்று பயம். வெளியே சொல்ல வெட்கமாக இருந்தது, ஆனால் பயம் பயம்தான்.

2009-ல் சிதம்பரத்திலிருந்து ஒரு வரன் வந்தது. மாப்பிள்ளைக்குக் கரண்ட் ஆபீசில் வேலை. காட்டுமன்னார்கோயில் பக்கம் பூர்வீகம். அவரும் அவர் அம்மாவும் பெண் பார்க்க வந்து உட்கார்ந்தார்கள். நான் காபித் தட்டோடு கூடத்துக்குள் கால் வைத்த நொடி, பொட்டென்று கரண்ட் போனது.

மாமாதான் ஆரம்பித்தார். "மாப்ள, ஒங்காளுங்கதான். ஒரு போன போட்டு சொல்லக் கூடாதா?"

"நான் சிதம்பரம் செக்ஷனுங்க. கடலூரு எங்க கையில இல்ல." இருட்டிலிருந்து பாவமாகக் குரல் வந்தது. நான் தட்டைக் கீழே வைத்துவிட்டுச் சிரித்தேன். அம்மா என் கையைக் கிள்ளினார்.

புழுக்கம் தாங்காமல் எல்லோரும் மாடிக்கு ஏறினோம். அங்கே நாலாம் வகுப்பு படிக்கிற எங்கள் முதலாளியம்மா எமர்ஜென்சி லைட்டோடு பேனரை விரித்துத் தயாராக உட்கார்ந்திருந்தாள். கரண்ட் போனால் கம்பெனி கூடும், அது அவளுக்குத் தெரிந்த நியாயம். எனக்கு மானம் போன மாதிரி இருந்தது. "அது என்னது?" என்று மாப்பிள்ளை கேட்டார். பெண்ணின் தாய்மாமனாக மரியாதையாக நடந்துகொள்ளச் சொல்லி அம்மா காலையிலிருந்து மாமாவுக்குப் பாடம் எடுத்திருந்தார். எல்லாம் வீண். மாமா வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு தரையில் உட்கார்ந்து, தீவு தீவாக விளக்க ஆரம்பித்துவிட்டார்.

மாப்பிள்ளை பொறுமையாகக் கேட்டார். கடைசியில் ஒன்றே ஒன்று கேட்டார்: "எல்லாருமே கம்பெனின்னா, கம்பெனிக்கு வெளிய யாருங்க இருக்கா? சரக்க யாருகிட்ட விக்கிறீங்க?"

ஐந்து வருஷமாக வியாபாரம் செய்துகொண்டிருந்த எங்களுக்கு இது தோன்றவே இல்லை. வாங்குகிறவன் ஒருத்தன்கூட இல்லாமல் ஓகோவென்று நடந்த உலகத்தின் ஒரே கம்பெனி எங்களுடையது. மாமாவின் முகத்தைப் பார்க்க வேண்டுமே!

"அப்ப நான் வெளியாளா இருக்கறேன்" என்று அவர் சட்டைப் பையைத் துழாவி, எதுவும் கிடைக்காமல், பேனா மூடியைக் கழற்றி வைத்தார். "சின்னக் கப்பல். கருவாடு ஏத்திக்கினு வரேன்." அம்மா கைதட்டினார். கப்பலின் பெயர் முதல் சுற்று வாசிக்கப்பட்டது, இரண்டாவது சுற்று வாசிக்கப்பட்டது. மூன்றாவது சுற்றில் குழந்தை எழுந்து நின்றாள்.

"தடை!"

அவர் அம்மா திடுக்கிட்டு என்னைப் பார்த்தார். மாப்பிள்ளை மட்டும் பேனா மூடியை அப்படியே விட்டுவிட்டு, அவளை நிமிர்ந்து பார்த்துக் கேட்டார்: "சரி. ஒனக்கு என்ன வேணும்?"

அந்தச் சட்டத்தை மாமா ஒரு தடவைதான் சொல்லியிருந்தார். அதை ஞாபகம் வைத்துக்கொண்டு, குழந்தைதானே என்று சிரிக்காமல், நேராகக் கேட்டார். "ஒங்க கப்பல்ல எனக்கு ஜன்னல் சீட்டு" என்றாள். "குடுத்தாச்சு" என்றார். எனக்கு நெஞ்சுக்குள் ஏதோ இளகியது. கரண்ட் வருவதற்கு முன்பே அம்மாவின் காதில் சொல்லிவிட்டேன், எனக்குச் சம்மதம் என்று. அவசரக்குடுக்கை என்று அம்மா இன்றுவரை சொல்லிக்காட்டுகிறார்.

நிச்சயமானது. ஓலை வாசிக்க ஆரம்பித்தார்கள். முதல் ஞாயிறு போனது, இரண்டாவதும் போனது. குழந்தை பேச்சைக் குறைத்துக்கொண்டாள். பேனர் சுருட்டியபடியே கிடந்தது. அவள் முகத்தைப் பார்க்கும்போதெல்லாம் கல்யாணத்தை நிறுத்திவிடலாமா என்றுகூட எனக்குத் தோன்றியது.

மூன்றாவது ஞாயிறு, பூசை முடிந்து புடவை எடுக்கப் போகலாம் என்று மாப்பிள்ளையும் அவர் அம்மாவும் எங்கள் கோயிலுக்கே வந்திருந்தார்கள். சாமியார் எங்கள் பெயர்களை வாசித்தார். "தடை ஏதேனும் இருப்பதாக அறிந்தவர்கள்..." என்று அவர் முடிப்பதற்குள் என் பக்கத்தில் பெஞ்சு கிறீச்சிட்டது. பட்டுப் பாவாடையோடு அவள் எழுந்து நின்றாள்.

"தடை!"

கோயில் முழுக்கத் திரும்பியது. பாட்டுக்காரப் பெண்கள் ஆர்மோனியத்தை விட்டுவிட்டு எட்டிப் பார்த்தார்கள். மாப்பிள்ளையின் அம்மாவுக்கு முகம் வெளுத்துவிட்டது. "என்னம்மா தடை? பொண்ணுகிட்ட ஏதாவது..." என்று என் அம்மாவைக் கேட்டார். மொட்டை மாடியில் சொன்ன தடை வேறு. சபை நடுவே வந்த தடை என்றால் ஊர் நாலு விதமாகப் பேசும், கல்யாணமே நின்றுபோனாலும் போகும். சித்தி அவளைப் பிடித்து இழுத்தார். அவள் உட்காரவில்லை.

சாமியார் பூசையை முடித்துவிட்டு எங்கள் எல்லோரையும் பீடத்துக்குப் பின்னால் இருக்கும் அறைக்குக் கூப்பிட்டார். "என்னம்மா தடை? சொல்லு, பயப்படாத."

"நீங்க கேக்கக் கூடாது சாமி. அவுருதான் கேக்கணும்."

சாமியாருக்கு ஒன்றும் புரியவில்லை. மாப்பிள்ளைக்குப் புரிந்தது. பட்டு வேட்டியோடு அவள் முன்னால் முட்டி போட்டு உட்கார்ந்து கேட்டார்.

"ஒனக்கு என்ன வேணும்?"

அவள் அழுதுவிட்டாள். அழுதுகொண்டே, ஒரு சொல் பிசகாமல், கம்பெனி பாஷையில் சொன்னாள்: "கடலூரு சிதம்பரம் காத்து எனக்கு வேணும். முழுசா. நான் வுட்டாத்தான் யாரும் போவணும். நான் வரச் சொன்னா அக்கா வரணும். நான் வந்தா கதவ சாத்தக் கூடாது."

"குடுத்தாச்சு" என்றார் அவர்.

"என்ன காத்து?" என்றார் சாமியார். கேட்டிருக்கவே கூடாது. மாமா வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு ஆரம்பித்தார். மேகம், மழை ஜாடி, மணிச் சத்தம் என்று எல்லாம் வந்தது. அடுத்த பூசைக்கு ஜனம் காத்திருந்தது. சாமியார் கடைசிவரை கேட்டுவிட்டு, அவளிடம் திரும்பி முகத்தைக் கறாராக வைத்துக்கொண்டு, "அப்ப தடைய வாபஸ் வாங்கிக்கிறியாம்மா?" என்றார். "வாங்கிக்கறேன் சாமி." வெளியே வந்ததும் என் மாமியார் அவள் கன்னத்தைத் தடவிவிட்டு, "நான் கதவையே கழட்டி வச்சிடறேண்டி" என்றார். எனக்கு அந்த அம்மாளை அப்போதே பிடித்துவிட்டது. அன்று எடுத்த புடவையின் நிறத்தைக்கூட நான் சரியாகப் பார்க்கவில்லை. அத்தனை சந்தோஷம்.

கல்யாண பேனரை நானே டிசைன் செய்தேன். அதில் மட்டும் ஒரு பிழைகூட இல்லை. நானும் அவரும் ஆளுயரத்துக்குப் பல்லைக் காட்டிக்கொண்டு "அனைவரும் வருக" என்று நின்றோம். விருந்து முடிந்து பந்தல் பிரிக்கும்போது பேனரைக் காணவில்லை. யாரோ மாட்டுக் கொட்டகைக்கு எடுத்துப்போய்விட்டார்கள் என்று நினைத்துக்கொண்டேன்.

சிதம்பரத்தில் மேல வீதிக்குப் பின்னால் ஒரு சந்தில் வீடு. வந்த முதல் சனிக்கிழமை, மத்தியானச் சோறு வடிக்கிற நேரத்தில் கதவு தட்டாமல் திறந்தது. வாசலில் அவள், அவளுக்குப் பின்னால் மாமா. அவளைவிட நீளமான ஒரு சுருளை இரண்டு பேரும் ஆளுக்கு ஒரு பக்கம் பிடித்திருந்தார்கள்.

"பஸ்ஸு வெள்ளாத்துப் பாலத்துல வரப்ப கண்ண மூடவே இல்ல இவ" என்று மாமா உள்ளே வந்ததும் வராததுமாகச் சொன்னார். "ஜன்னல் சீட்டுல ஒக்காந்து குனிஞ்சு தண்ணிய பாத்துக்கினே வந்தா."

கூடத்தில் சுருளை விரித்தாள். ஒரு பக்கம் நாங்கள் பல்லைக் காட்டினோம். திருப்பிப் போட்டாள். வெள்ளையில் தீவுகளை எல்லாம் புதிதாக வரைந்திருந்தாள். செம்மண்டலம் ஒரு தீவு, சிதம்பரம் ஒரு தீவு. நடுவே கொட்டை எழுத்தில் அவள் பெயர் போட்ட காற்று. அதன் கீழே, பேனரின் இந்த ஓரத்திலிருந்து அந்த ஓரம் வரைக்கும், ஒரு மார்க்கர் முழுக்கத் தீர்ந்துபோகிற அளவுக்கு நீலம் தீட்டியிருந்தாள்.

"இது என்னடி?" என்றேன். எனக்குத் தெரியும், ஆனாலும் அவள் வாயால் கேட்க வேண்டும் போலிருந்தது.

"கடலு" என்றாள், சாதாரணமாக. "கப்பலு எவ்ளோ நேரந்தான் மேலயே சுத்தும்? எறங்கறதுக்கு ஒரு எடம் வேணாமா?"

சோற்றுக் கரண்டியோடு அவளைக் கட்டிக்கொண்டேன். அவர் பேனா மூடியை எடுத்து வந்து நீலத்தின் மேல் மெதுவாக வைத்தார். மாமா ஏற்கெனவே தரையில் உட்கார்ந்துவிட்டிருந்தார்.

"அதெல்லாம் சரி" என்றார். "தொறமொகத்துக்கு யாரு தலைவரு?"